சென்ஸி வளைவு

ஏழு லட்சத்து முப்பத்தெட்டாயிரத்து இருநூறு யூரோ. பனிச்சறுக்குக்கு வருகிறவர்களை மலைமேல் ஏற்றும் எங்கள் ரவுட்டல் ஊரின் லிஃப்ட் சங்கம் வங்கிக்குக் கொடுக்க வேண்டியிருந்த கடன் அது. பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள்கூட அந்தத் தொகையை ஒப்பிப்பார்கள். பழைய இழுவை லிஃப்ட்டைக் கழற்றி எறிந்துவிட்டுக் கம்பியில் தொங்கும் நாற்காலி லிஃப்ட் போட்டபோது வாங்கியது. நிலம் உள்ள ஒவ்வொரு வீட்டுக்காரரும் தன் புல்வெளியை ஈடு காட்டி ஜாமீன் கையெழுத்துப் போட்டிருந்தார். எனக்கு நிலம் இல்லை, கையெழுத்தும் இல்லை. சங்கத்தில் ஓட்டும் இல்லை. மேல் நிலையத்தில் நின்றுகொண்டு, நாற்காலியிலிருந்து இறங்குகிறவர்கள் தடுக்கி விழாமல் பார்த்துக்கொள்வது என் வேலை. பனி வருவதற்கு முன்னால் குழாய்களைச் சரிபார்ப்பேன். கோடையில் கம்பங்களுக்குச் சாயம் அடிப்பேன். தோள்பட்டை இரண்டும் போன பிறகும் அதே வேலைதான்.

கடன் கட்டாவிட்டால் புல்வெளி போகும். "புல்வெளி போனா மாடு போகும். அப்புறம் வீட்டைக் கறந்தா பால் குடிக்க முடியும்?" என்று கேட்பார் வின்சென்ஸ். அவர்தான் சங்கத் தலைவர். ஊரிலேயே பெரிய தொழுவமும் பெரிய தொண்டையும் அவருடையவை.

அப்போது சங்கத்துக்கு மேலாளர் இல்லை. இருந்தவர் வயிற்றுப்புண் என்று எழுதிக் கொடுத்துவிட்டுப் போய்விட்டார். வின்சென்ஸ் ஒரு நாள் டிக்கெட் அறைக்கு வந்து மேசையைத் தட்டினார்.

"நம்ம வீட்டுப் பொண்ணு அந்தப் பக்கத்துல ஹோட்டல் வாசல்ல நின்னு கண்டவனுக்கும் பல்லைக் காட்டிக்கிட்டிருக்கா. நமக்கு மேனேஜர் கிடைக்கலையாக்கும்!"

அந்தப் பக்கம் என்றால் கணவாய்க்கு அந்தப் பக்கம். அங்கே ஒரு பெரிய கம்பெனி, மலை முழுக்க லிஃப்ட், ஏழு மாடி ஹோட்டல். எங்கள் ஊரில் யாரும் அதன் பெயரைச் சொல்வதில்லை. அந்தப் பக்கம் என்பதோடு சரி.

அவர் சொன்ன பெண் சென்ஸி. அவருடைய அக்கா மகள். அக்கா இறந்துபோய் வெகுகாலம். சென்ஸி இருபத்திரண்டு வயதில் பனிச்சறுக்கில் உலகப் பட்டம் வாங்கினாள். பந்தயம் நடந்தது அந்தப் பக்கத்து மலையில்தான். பாதி மலையில் ஒரு வளைவு உண்டு, பாறைக்கும் பள்ளத்துக்கும் நடுவே. வந்தவர்கள் எல்லாரும் அங்கே கொஞ்சம் வேகத்தைக் குறைத்தார்கள். இவள் குறைக்கவில்லை. அவ்வளவுதான், பட்டம். ஆறு வருஷம் கழித்து மறுபடி அதே மலை, அதே வளைவு. அதுவரைக்கும் அவள்தான் முன்னால். வளைவுக்குள் நுழையும்போது கண் இமைக்கிற நேரம் சறுக்குக் கட்டைகளைக் குறுக்கே திருப்பிவிட்டாள், வேகம் செத்துப்போயிற்று. பனி தூளாகப் பறந்ததை நாடே டிவியில் பார்த்தது. நாலாவது இடம். முழங்காலுக்குள் ஏதோ சத்தம் கேட்டது என்று பிறகு சொன்னாள். யார் கேட்டார்கள்? பத்திரிகைக்காரன் 'பிரேக் போட்டாள்' என்று எழுதினான். சறுக்குக் கட்டைக்கு ஏது பிரேக்? ஆனாலும் அந்தப் பேர் ஒட்டிக்கொண்டது. கடையில் ரொட்டி வாங்கப் போனால்கூட எவனாவது 'ஏன் பிரேக் போட்ட?' என்று கேட்பான். அவள் பந்தயத்தை விட்டாள், நகரத்துக்குப் போய்ச் சுற்றுலா நிர்வாகம் படித்தாள், அந்தப் பக்கத்துக் கம்பெனியில் சேர்ந்தாள்.

வின்சென்ஸும் டிக்கெட் விற்கும் பிலோமினாவும் நானும் மாடு ஏற்றும் லாரியில் கணவாயைத் தாண்டிப் போனோம். ஹோட்டல் கூடத்தில் சென்ஸி நின்றிருந்தாள். வெள்ளைச் சட்டைக்கு மேல் பழைய பந்தய நம்பர் போட்ட துணியைக் கட்டியிருந்தாள். விருந்தாளிகள் வரிசையாக வந்து அவள் தோளில் கை போட்டுப் படம் எடுத்துக்கொண்டார்கள்.

எங்களைப் பார்த்ததும் முதலில் கம்பளத்தைத்தான் பார்த்தாள். "மாமா, பூட்ஸைத் தொடைச்சிட்டு வரக் கூடாதா?"

"தொடைச்சேன். இது மிச்சம்."

பிலோமினா அவளை மேலும் கீழும் அளந்தாள். "ஏண்டி, ஓட்டத்தை நிறுத்தி எத்தனை காலம் ஆச்சு, இன்னும் அந்த நம்பரைக் கழட்டலையா? குளிக்கும்போதும் கட்டிக்குவியோ?"

"இதுவும் சம்பளத்துல சேர்ந்ததுதான், அக்கா."

வின்சென்ஸ் நேராக விஷயத்துக்கு வந்தார். மேலாளர் வேலை, ஊருக்குத் திரும்பி வா, சம்பளம் இங்கே கொடுப்பதில் பாதி, அதுவும் சில மாதம் பிந்தும். கேட்டுவிட்டு அவள் சிரித்தாள். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு ஒன்றே ஒன்று கேட்டாள்.

"அங்க வந்தா நான் சறுக்கணுமா?"

"எதுக்கு? நாங்க உன்னைக் கணக்குப் பாக்கக் கூப்பிடுறோம். குதிக்கவா கூப்பிடுறோம்?"

"நேத்து இயக்குநர் பிராண்டல் கூப்பிட்டுவிட்டாரு. அந்த வளைவுக்கு என் பேரை வைக்கப் போறாங்களாம். காலையில லிஃப்ட் திறக்கிறதுக்கு முன்னாடி விருந்தாளிங்களை அங்க கூட்டிட்டுப் போகணும். இங்கதான் நான் பிரேக் போட்டேன்னு சொல்லணும். அப்படியே போட்டும் காட்டணும். அப்புறம் எல்லாரும் சேர்ந்து காலைச் சாப்பாடு."

பிலோமினாதான், "சாப்பாடாவது நல்லா இருக்குமா?" என்றாள்.

சென்ஸி முதுகுப் பக்கம் கையை விட்டு நம்பரின் நாடாவை அவிழ்த்தாள். மடித்து வரவேற்பு மேசையில் வைத்தாள். லாரியின் முன்பக்கத்தில் எங்கள் மூவருக்கே இடம் இல்லை, இப்போது அவளும் ஏறிக்கொண்டாள். நான் பின்னால் வைக்கோல் மேல் உட்கார்ந்து வந்தேன்.

அவள் வேலை செய்ததை அருகே இருந்து பார்த்தவன் நான். சறுக்கத் தெரியாதவர்களுக்கும் மலையில் ஏதாவது வேண்டும் என்று மரச்சறுக்கு வண்டிக்கு ஒரு பாதை வெட்டச் சொன்னாள். சமவெளிப் பள்ளிக்கூடங்களுக்கு அலைந்து பிள்ளைகளை வாரநாட்களில் வரவழைத்தாள். பண்ணைவீடுகளில் காலியாகக் கிடந்த அறைகளுக்குப் போய், "இந்தக் கட்டில்ல மாமியார் செத்தாங்கன்னு விருந்தாளிகிட்ட சொல்லாதீங்க" என்று சொல்லிவிட்டு வாடகைக்கு எடுத்தாள். சறுக்குப் பாதையில் நிற்கும் மாட்டு வேலியைப் பனிக்கு முன்னால் பிடுங்காமல் தாமதிக்கும் ஆளிடம் சண்டை போடாமல், அவன் வீட்டில் மாவுருண்டையும் சூப்பும் சாப்பிட்டுவிட்டு, சாப்பிட்ட கையோடு தானே போய் நாலு முளையைப் பிடுங்கினாள். இரண்டு குளிர்காலம் நன்றாகப் போயிற்று. கடன் குறைய ஆரம்பித்தது.

சறுக்க மட்டும் மாட்டாள். காலையில் லிஃப்ட்டில் ஏறி மேலே என்னிடம் வருவாள், எல்லாவற்றையும் பார்ப்பாள், திரும்பவும் லிஃப்ட்டிலேயே இறங்குவாள். எங்கள் மலையில் இறங்குகிற நாற்காலி காலியாகத்தான் போகும். அதில் இவள் ஒருத்தி மட்டும் உட்கார்ந்து, ஏறி வருகிற அத்தனை முகங்களையும் எதிரே பார்த்துக்கொண்டு போவாள்.

"உலகத்துலயே லிஃப்ட்ல இறங்குற சாம்பியன் நம்மகிட்ட மட்டும்தான் இருக்கு. இதுக்கும் தனியா டிக்கெட் போடலாம்" என்பாள் பிலோமினா.

எங்கள் மலையில் மரங்கள் முடிகிற கோட்டைத் தாண்டிவிட்டால் யாரும் யாரையும் 'நீங்க' என்பதில்லை. நீதிபதி வந்தாலும் நீ, பாதிரியார் வந்தாலும் நீ. ஊருக்குள் என்னைக் காசியண்ணே என்கிற சென்ஸிக்கு, மேலே வந்தால் நான் வெறும் காசியா. ஒரு நாள் என் குடுவைக் காபியை வாங்கிக் குடித்துக்கொண்டே சொன்னாள்:

"காசியா, கவனிச்சியா? இந்த ஊர்ல ஒருத்தரும் அதைப் பத்திக் கேக்கல. ரெண்டு வருஷமாச்சு."

"எதை?"

"பாத்தியா, உனக்கே தெரியல. இதுக்காகவே சாகுற வரைக்கும் இங்க இருந்துடுவேன்."

"அப்ப என் காபியை எப்பவும் நீதான் குடிப்ப."

"உன் காபி கேவலமா இருக்கு. அதையும் சொல்லிடறேன்."

மூன்றாவது வருஷம் பனிக்கு முந்தைய மாதம் வெயில் அடித்தது. புல் பச்சையாகவே நின்றது. மாடுகளை வெளியே விடலாம் போல இருந்தது. எல்லாருக்கும் மாதா திருநாள் பற்றித்தான் கவலை. டிசம்பரில் அமலோற்பவ மாதா திருநாள் அன்றுதான் எங்கள் லிஃப்ட் திறக்கும். மாதா சிலையை முதல் நாற்காலியில் வைத்து, கயிற்றால் கட்டி, சாமியார் பக்கத்தில் உட்கார்ந்து மேலே போவார். பின்னாலேயே பேண்டு வாத்தியக்காரர்கள். அன்று ஊருக்கெல்லாம் இலவசம். முதல் லிஃப்ட் வந்த வருஷத்திலிருந்து அந்த நாள் தவறியதில்லை. ஒரு தடவை பனியே விழாதபோது, வடக்குப் பள்ளத்தில் கிடந்த பழைய பனியை வைக்கோல் சுமக்கிற கூடைகளில் சுமந்து வந்து ஒரு பட்டை போட்டிருக்கிறார்கள். அதில் என் அப்பாவும் சுமந்தார்.

சங்கத்துக் கூட்டம் தேவாலயக் கூடத்தில் நடந்தது. நான் அடுப்புக்கு விறகு போட உள்ளே இருந்தேன்.

சென்ஸி எழுந்து நின்று சொன்னாள்: "தரை இன்னும் உறையல. இப்ப பீரங்கியைத் திறந்தா பாதிப் பனி மண்ணுக்குள்ள போயிடும். மேல்குளத்துல ஒரு தடவைக்குத்தான் தண்ணி இருக்கு. அது தீர்ந்தா வசந்தம் வரைக்கும் ஓடையில எடுக்க அனுமதி கிடையாது, உங்களுக்கே தெரியும். பொறுப்போம். குளிர் வரும். அது வந்த பிறகு செய்யிற பனிதான் நிக்கும்."

பீரங்கி என்று நாங்கள் சொல்வது தண்ணீரைப் பனியாக்கிப் பீய்ச்சும் எந்திரத்தை.

"திருநாள்?" என்றார் வின்சென்ஸ்.

"திருநாளைக் கொண்டாடுவோம் மாமா. மாதா ஏறட்டும், வாத்தியம் வாசிக்கட்டும், சூப்பு குடிப்போம். யாரும் சறுக்கி இறங்க வேணாம். லிஃப்ட்லயே இறங்கட்டும்."

"உன்னை மாதிரியா?"

கூடத்தில் சிலர் சிரித்தார்கள். அவளும் கொஞ்சம் சிரித்தாள். அந்தப் பக்கம் கோடையிலும் பனி உருகாத உச்சியில் ஏற்கெனவே லிஃப்ட்டைத் திறந்துவிட்டார்கள், நம்மைப் பார்த்துச் சிரிப்பார்கள் என்று ஒருவர் சொன்னார். அறை பதிவு செய்தவர்கள் எல்லாம் திருநாளுக்குத்தானே வருகிறார்கள் என்றார் இன்னொருவர். மாதாவுக்கே பொறுக்காது என்று ஒரு கிழவர் எழுந்து கண்ணைத் துடைத்தார். சென்ஸி ஒவ்வொன்றுக்கும் பதில் சொன்னாள், குரல் உயராமல். ஒரு கட்டத்தில் பாதிப் பேர் அவள் பக்கம் வந்துவிட்டார்கள் என்றுதான் எனக்குப் பட்டது. அப்போது வின்சென்ஸ் எழுந்தார். கோபம்கூட இல்லை, களைப்பாகத்தான் சொன்னார்.

"உனக்குப் பயம்மா. எங்களுக்குத் தெரியும். அன்னைக்கும் இப்படித்தான் முன்னாடி போய்க்கிட்டே இருந்து பிரேக் போட்ட."

கூடத்தில் ஒருவர்கூடச் சிரிக்கவில்லை. அடுப்புக்குள் விறகு வெடித்தது. பிலோமினா, "வின்சென்ஸ், வாயை மூடு" என்றாள். அது ரொம்பத் தாமதம்.

சென்ஸி கையிலிருந்த தாள்களை அடுக்கினாள். ஒரு முறை அடுக்கி, மறுபடியும் தட்டி அடுக்கினாள். பிறகு என்னைப் பார்த்தாள். வேறு யாரையும் பார்க்கவில்லை.

"காசியண்ணே, நாளைக்கு பீரங்கியைத் திறந்துடுங்க. எல்லாத்தையும்."

கைதட்டினார்கள். வின்சென்ஸ்கூடத் தட்டினார்.

காற்று ஓரளவு குளிர்ந்த வேளைகளைப் பார்த்துப் பார்த்து பீரங்கிகளை ஓட்டினோம். சமையல் உப்பு மாதிரி ஈரமாக விழுந்தது பனி. மேல்குளத்தில் தண்ணீர் இறங்கிக்கொண்டே போய்க் கடைசியில் சேறும் ஒரு செத்த மீனும் தெரிந்தன. ஆனால் திருநாள் அன்று பச்சை மலைக்கு நடுவே மேலிருந்து கீழ்வரை வெள்ளைப் பட்டை கிடந்தது, சவப்பெட்டியில் போடும் துணி மாதிரி மடிப்பே இல்லாமல். சாமியார் மாதாவை ஏற்றினார். வாத்தியக்காரர்களின் உதடு உறையவில்லை, அவ்வளவு கதகதப்பு. பிள்ளைகள் சறுக்கினார்கள். பிலோமினா அண்டாவில் பார்லி சூப்பு ஊற்றினாள். வின்சென்ஸ் வேர்ச் சாராயத்தோடு மேலே வந்து சென்ஸிக்கு ஒரு குவளை நீட்டினார்.

"பாத்தியா? முடிஞ்சுதா இல்லையா?"

"முடிஞ்சுது மாமா."

"மாமாவா? மேல வந்துட்டோம். வின்சென்ஸுன்னு கூப்பிடு."

"முடிஞ்சுது, வின்சென்ஸ்" என்று சொல்லிக் குடித்தாள். அவள் கண் தெற்குப் பக்கமே போய்க்கொண்டிருந்தது. கணவாய்க்கு மேல் மேகம் ஒரு சுவர் மாதிரி நின்றிருந்தது. அதற்கு மேலே வானம் மட்டும் கழுவிவிட்ட மாதிரி நீலம். மத்தியானத்துக்கு மேல் என் தொப்பியைத் தூக்கிற்று முதல் காற்று. தெற்கிலிருந்து இறங்குகிற சூட்டுக்காற்று. அது வந்தால் எங்கள் ஊரில் தலைவலிக்காத ஆள் கிடையாது, மாடுகூடக் கதவை முட்டும். அந்த வாரம் முடிவதற்குள் வெள்ளைப் பட்டை ஓடையாகி ஊருக்குள் ஓடிவிட்டது. புல் முன்னைவிடப் பச்சையாக இருந்தது.

பிறகு ஜனவரியில் குளிர் வந்தது. நல்ல குளிர், காய்ந்த குளிர், மூக்குக்குள் முடி உறைகிற குளிர். வானத்தில் ஒரு மேகம் இல்லை. பீரங்கிக்கு அதைவிட நல்ல குளிர் கிடையாது. குளத்தில் தண்ணீர் இல்லை. பீரங்கிகள் வாயைத் திறந்துகொண்டு நின்றன. நான் தினமும் போய் அவற்றின் மேல் படிந்த உறைபனியைத் தட்டிவிட்டு வருவேன், வேறு வேலை இல்லாததால். பள்ளிப் பிள்ளைகள் வரவில்லை. அறைகள் எல்லாம் ரத்தாயின. சென்ஸி அலுவலகத்திலேயே உட்கார்ந்து ஒவ்வொருவருக்கும் முன்பணத்தைத் திருப்பி அனுப்பினாள். நான் உன்னிடம் சொல்லவில்லையா என்று ஒருவரிடமும் ஒரு தடவைகூட அவள் கேட்டதில்லை. அதுதான் வின்சென்ஸை அரித்தது என்று நினைக்கிறேன். அவர் டிக்கெட் அறைப் பக்கம் வருவதையே விட்டுவிட்டார்.

குளிர்காலம் முடியும்போது வங்கியிலிருந்து ஆள் வந்தார். வட்டி கட்டவில்லை, அசல் அப்படியே நிற்கிறது, கோடையில் புல்வெளிகளை ஏலம் விடுவோம் என்று சொல்லிவிட்டுப் போனார். தேவாலயத்தில் கூட்டம் அதிகமாயிற்று.

அந்தப் பக்கத்து இயக்குநர் பிராண்டல் வந்தது அதற்குப் பிறகுதான். பளபளப்பான காலணியோடு மேல் நிலையம் வரை லிஃப்ட்டில் வந்து இறங்கினார். நான்தான் கைபிடித்து இறக்கினேன். "ரொம்ப நன்றிங்க, நீங்க எத்தனை வருஷமா இங்க இருக்கீங்க?" என்றார்.

கணக்குப் பார்க்க வந்திருந்த பிலோமினா ஜன்னலிலிருந்து கத்தினாள்: "இங்க 'நீ'ன்னு சொல்லணும்யா! மரம் இருக்கா பாரு!"

அவர் சிரித்தார். "மன்னிச்சுக்க. எங்க பக்கத்துல இந்தப் பழக்கம் எல்லாம் போயிருச்சு." பிறகு சென்ஸியிடம் திரும்பினார். "எப்படி இருக்க, சென்ஸி?"

"நல்லா இருக்கேன். நீங்க எப்படி இருக்கீங்க?" என்றாள் சென்ஸி.

என் குடிசைக்குள் உட்கார்ந்து பேசினார்கள். என்னைப் போகச் சொல்லவில்லை. அவர் ஒளிவு மறைவு இல்லாமல் சொன்னார். வங்கியோடு பேசியாயிற்று. கடனில் ஒரு பகுதியை வங்கி விட்டுக்கொடுக்கும், மிச்சத்தைக் கம்பெனி கட்டும். இந்த லிஃப்ட்டை இலையுதிர் காலத்துக்குள் பிரித்துவிட வேண்டும், இந்த மலையில் வேறு யாரும் லிஃப்ட் போடாதபடி உரிமையை எழுதிக் கொடுக்க வேண்டும்.

"இவ்வளவுக்கு இவ்வளவு பணம் குடுக்க மாட்டீங்களே" என்றாள் சென்ஸி.

"மாட்டேன். உனக்குத் தெரியும், மீதி என்னன்னு."

"எத்தனை குளிர்காலம்?"

"பத்து."

"என் முழங்கால் தாங்காது. டாக்டர் எழுதிக் குடுத்திருக்காரு."

"மெதுவா போனா போதும். உன்னை யாரும் ஜெயிக்கச் சொல்லல. அந்த வளைவுல நின்னா போதும்."

அவள் எழுந்து வெளியே போனாள். வெகுநேரம் லிஃப்ட் சக்கரம் சுற்றுவதையே பார்த்தாள். உள்ளே பிராண்டல் என் காபியைக் குடித்துவிட்டு, "இது நல்லா இருக்கே" என்றார். எனக்கு அந்த ஆளை என்றைக்குமாகப் பிடிக்காமல் போனது அந்த நிமிஷம்தான்.

அவள் திரும்பி வந்து, "காலைச் சாப்பாட்டுக்கு நான் உக்கார மாட்டேன். அது மட்டும்" என்றாள். அவர் யோசித்துவிட்டு, "சரி, உக்கார வேணாம்" என்றார்.

மறுபடி தேவாலயக் கூடம். சென்ஸி விஷயத்தைச் சொன்னாள். லிஃப்ட் போகும், புல்வெளி மிஞ்சும். தன்னைப் பற்றி ஒரே வரி: நான் அங்கே வேலைக்குப் போகிறேன். அதற்குள் என்ன இருக்கிறது என்று தெரிந்தவர்கள் அந்தக் கூடத்தில் நாலு பேர் இருந்திருப்போம். மற்றவர்களுக்கு அவளுக்கு நல்ல இடம் கிடைத்துவிட்டது என்றுதான் தோன்றியிருக்கும். ஒரு பெண் பக்கத்திலிருந்தவளிடம், "அவளுக்கு என்ன, தப்பிச்சுட்டா" என்று முணுமுணுத்தது எனக்குக் கேட்டது. பிலோமினா திரும்பிப் பார்த்த பார்வையில் அவள் வாய் மூடிக்கொண்டது.

கை தூக்கச் சொன்னார்கள். எல்லாக் கைகளும் எழுந்தன, வின்சென்ஸுடையது தவிர. அவர் தன் உள்ளங்கையையே பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு கை எழாவிட்டாலும் தீர்மானம் செல்லாது.

"கையைத் தூக்குங்க மாமா" என்றாள் சென்ஸி.

"எனக்கு இஷ்டம் இல்ல."

"புல்வெளி உங்களோடதும்தான். தூக்குங்க. எல்லாருக்கும் வீட்டுக்குப் போகணும், மாடு கறக்கணும்."

அவர் தூக்கினார். முழங்கை வரைக்கும்தான் எழுந்தது. அதுவே போதும் என்று செயலாளர் குறித்துக்கொண்டார்.

கோடை முழுக்க நாங்கள் லிஃப்ட்டைப் பிரித்தோம். நான் சாயம் அடித்த கம்பங்களின் மரைகளை நானே திருகிக் கழற்றினேன். நாற்காலிகளை வெளியூர்க்காரர்கள் வந்து தோட்டத்து ஊஞ்சலுக்கு என்று வாங்கிக்கொண்டு போனார்கள். முதல் நாற்காலியை, மாதா ஏறுகிற நாற்காலியை, சாமியார் கேட்டார். பேரம் பேசாமல் கொடுத்தோம். அது கோயில் சாமான் அறையில் கிடக்கிறது. கம்பங்கள் நின்ற இடத்தில் மண்ணைக் கொட்டிப் புல் விதைத்தோம். பிறகு எனக்கும் வேலை வேண்டுமே. சென்ஸி சொல்லி அந்தப் பக்கத்திலேயே சேர்த்துக்கொண்டார்கள். சம்பளம் நேரத்துக்கு வருகிறது, அதைச் சொல்லாமல் இருக்க முடியாது.

என்னை நிறுத்தியது அந்த வளைவில். பள்ளத்துப் பக்கம் ஆரஞ்சு வலை கட்டியிருக்கிறார்கள். விருந்தாளி யாராவது நிலைதடுமாறி வலையில் விழுந்தால் தூக்கி நிறுத்த வேண்டும். மேலே பெரிய பலகை. அதில் என்ன எழுதியிருக்கிறது என்று நான் எழுத்துக் கூட்டிப் படிக்க வேண்டியதில்லை, அவளுடைய படம் இருக்கிறது, பனி தூளாகப் பறக்க, வாய் திறந்தபடி.

சூரியன் மலைமுகட்டைத் தொடும் நேரத்தில் அவள் விருந்தாளிகளோடு வருவாள். பழைய நம்பரைக் கட்டியிருப்பாள். வேகமாக வருவது மாதிரி தெரியும்படி வருவாள், வளைவில் கட்டைகளைக் குறுக்கே திருப்புவாள், பனி பறக்கும். எல்லாரும் படம் எடுப்பார்கள். பிறகு பேசுவாள். தினமும் அதே சொற்கள். தினமும் யாராவது கேட்பார்கள், ஏன் பிரேக் போட்டீர்கள் என்று. "கீழ காபி ரொம்பச் சூடா இருக்குமோன்னு நினைச்சேன், கொஞ்சம் ஆறட்டும்னு நின்னேன்" என்பாள். இது கம்பெனியில் யாரோ எழுதிக் கொடுத்தது. எல்லாரும் சிரிப்பார்கள். அவர்கள் காலைச் சாப்பாட்டுக்கு இறங்கிப் போனபிறகு அவள் வலைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து வலது பூட்ஸின் கொக்கிகளைத் தளர்த்துவாள். முழங்கால் வீங்கியிருக்கும். நான் குடுவையை நீட்டுவேன். கேவலமாக இருக்கிறது என்று இப்போதெல்லாம் சொல்வதில்லை. குடித்துவிட்டுத் திருப்பித் தருவாள்.

அப்படி ஒரு காலையில்தான் பிலோமினா போன் பண்ணினாள். காற்றில் பாதி கேட்கவில்லை, இரண்டு தடவை சொல்லச் சொன்னேன்.

"சென்ஸி" என்றேன். "வங்கியில கணக்கை முடிச்சுட்டாங்களாம். தேவாலயக் கூடத்துல வச்சு எல்லாரோட புல்வெளிப் பத்திரத்தையும் திருப்பிக் குடுத்தாங்களாம்."

அவள் கொக்கியை மாட்டிக்கொண்டிருந்தாள். "எல்லாரோடதுமா?"

"எல்லாரோடதும்."

"மாமாவோடது?"

"அவரைத்தான் முதல்ல கூப்பிட்டாங்களாம். வாங்கி மடிச்சுச் சட்டைக்குள்ள வச்சிக்கிட்டு வெளிய போயிட்டாராம்."

"ஒண்ணும் சொல்லலையா?"

"சொல்லல."

அடுத்த கூட்டம் மேலே லிஃப்ட்டிலிருந்து இறங்கிவிட்டது, சத்தம் கேட்டது. தினமும் இரண்டாவதாக வரும் இந்த விருந்தாளிக் கூட்டம் கம்பெனி புதிதாகச் சேர்த்தது, கேட்பவர்கள் அதிகமாகிவிட்டார்கள் என்று. சென்ஸி எழுந்து வலது காலை ஊன்றிப் பார்த்தாள், ஒரு தடவை, மெதுவாக.

"பாக்கி எதுவும் இல்லைன்னு எழுதிக் குடுத்தாங்களான்னு பிலோமினாகிட்ட ஒரு வார்த்தை கேட்டுடு காசியா" என்றாள். "வாய்ல சொன்னா பத்தாது."

கேட்டேன். எழுதிக் கொடுத்தார்களாம், முத்திரையோடு. பாக்கி எதுவும் இல்லை.